நகிரா திரும்பிப் பார்த்தது

சோஃபு, தோக்கியோ
1998 அக்டோபர் 4

அன்புத் தங்கை கஸுயோவுக்கு,

நீ அனுப்பிய பேரிக்காய்ப் பெட்டி நேற்று வந்தது. ஒன்றுகூட அடிபடவில்லை. இரண்டை மாடி வீட்டுக்காரருக்குக் கொடுத்துவிட்டு மீதியைக் கனிய வைத்திருக்கிறேன். உங்கள் ஊரில் குளிர் தொடங்கியிருக்கும். உன் மாமியாரின் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? செண்டாய் விடுதியில் மினோரி நேரத்துக்குச் சாப்பிடுகிறாளா? எனக்கு இடுப்பு மட்டும்தான் தகராறு. பத்தொன்பது ராட்சசப் படங்களில் ரப்பர் உடைக்குள் குனிந்து நின்றவனுக்கு இடுப்பு தகராறு செய்யாவிட்டால்தான் ஆச்சரியம்.

ஆகஸ்டில் மசனோரியின் நினைவுச் சடங்குக்கு வர முடியாமல் போய்விட்டது. படப்பிடிப்பு. போன முறையும் இதையேதான் சொன்னேன் என்பது நினைவிருக்கிறது. உன் கணவன் என்பதற்கு முன்னால் அவன் என் கூடவே ஐந்து வருடம் வேலை பார்த்த பையன். ஊதுபத்தி அனுப்பினேனே, கிடைத்ததா?

ஒரு சேதி. எழுபத்தொன்றில் எடுத்த ‘நகிரா’ படத்தின் பிரதியைச் சுத்தம் செய்து மீட்டிருக்கிறார்கள். அதையும் நிஷிவாகியின் புதுப் படத்தையும் ஒன்றாக ஊர் ஊராகத் திரையிடப் போகிறார்கள். நிஷிவாகியை உனக்குத் தெரியாது. முப்பத்தொரு வயதுப் பெண், ஐந்து பேரை வைத்துக்கொண்டு சின்னச் சின்னப் படங்கள் எடுக்கிறாள். ஏழு வயதில் நகிராவைப் பார்த்தாளாம். கடைசியில் ராட்சத மிருகமான நகிரா கடலுக்குள் போகும்போது ஒருமுறை ஊரைத் திரும்பிப் பார்க்கும். அந்தத் திரும்பலுக்காகத்தான் என்னைத் தேடி வந்தாள். அவளுடைய நான்கு படங்களிலும் நான் இருக்கிறேன், என் சொந்த முகத்தோடு.

நவம்பரில் செண்டாய்க்கு வருகிறது. என்னுடைய படம் ஒன்றைக்கூட நீ பார்த்ததில்லை. குறையாகச் சொல்லவில்லை. முடிந்தால் மினோரியோடு போய்ப் பார்.

உடம்பைப் பார்த்துக்கொள்.
கென்சாகு


சகாத்தா
நவம்பர் 24

அன்புள்ள அண்ணாவுக்கு,

முதல் பனி நேற்று விழுந்து மதியத்துக்குள் கரைந்துவிட்டது. அத்தைக்கு முழங்கால் பரவாயில்லை. எண்பத்திரண்டு வயதிலும் முள்ளங்கி ஊறுகாயைத் தானே போட வேண்டும் என்று பிடிவாதம். உங்கள் இடுப்புக்கு வெந்நீர் ஒத்தடம் கொடுக்கிறீர்களா?

செண்டாய்க்குப் போய் வந்தோம். நான் வேலை பார்க்கும் கல்லூரி நூலகத்தில், பல் வைத்தியரைப் பார்க்க வேண்டும் என்று சொல்லி விடுப்பு எடுத்தேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்று ரயிலில் யோசித்துக்கொண்டே போனேன். நாற்பத்தாறு வயதில், சொந்த அண்ணன் நடித்த படத்தைப் பார்க்கப் போகிறவள் பல்லைக் காரணம் காட்டியிருக்கிறேன்.

நிஷிவாகியின் படத்தில் சலவைக் கடைக்காரராக நீங்கள் பேசாமல் சட்டைகளை மடித்துக்கொண்டே இருந்தீர்கள். அந்தக் கைகள் நம் அப்பாவுடையவை. அதிலிருந்து கண்ணை எடுக்க முடியவில்லை. இவ்வளவு நாள் பார்க்காமல் இருந்ததற்கு மன்னித்துக்கொள்ளுங்கள்.

பிறகு ‘நகிரா’. கடைசிக் காட்சியில் அது இடுப்பளவுத் தண்ணீரில் போய்க்கொண்டே இருந்தது. நின்றது. முதலில் வலது தோள் திரும்பியது, பிறகு உடம்பு, கடைசியில்தான் தலை. எதையோ வீட்டில் மறந்து வைத்துவிட்டு வந்தவர்போல. பக்கத்தில் மினோரி சிரித்தாள்.

“அம்மா, அப்பா மாதிரியே திரும்புது பாரேன். வேலைக்குக் கெளம்புறப்போ வாசல்ல நின்னு இப்படித்தானே பாப்பாரு?”

“சும்மா இரு, எல்லாரும் பாக்குறாங்க” என்றேன். யாரும் பார்க்கவில்லை. அரங்கு இருட்டாக இருந்தது.

அவளுடைய அப்பாவும் ஒரு காலத்தில் உங்கள் குழுவில் ரப்பர் உடைக்குள் இருந்தவர் என்று அவளுக்குத் தெரியாது. நான் சொன்னதில்லை. அதனால் அவள் அதை வேடிக்கையாகத்தான் சொன்னாள். திரும்பி வரும்போது அவளுக்கு மாட்டுநாக்கு வறுவல் வாங்கிக் கொடுத்தேன்.

ஒன்று மட்டும் கேட்கத் தோன்றியது. அந்தத் தண்ணீர் ரொம்பக் குளிராக இருந்ததா?

உங்கள் தங்கை
கஸுயோ


சோஃபு
டிசம்பர் 10

கஸுயோவுக்கு,

நீ படம் பார்த்ததை எழுதியிருந்த பக்கத்தை இரண்டு முறை படித்தேன். சலவைக் கடைக்குப் பயிற்சி எடுக்கப் பதினைந்து நாள் நிஜக் கடையில் வேலை செய்தேன். முதலாளியம்மா, “நடிப்பு வேண்டாம், இங்கயே இருந்துடுங்க” என்றாள்.

குளிரைக் கேட்டாயே. பிப்ரவரி மாதம், ஸ்டூடியோவுக்குப் பின்னால் திறந்தவெளியில் பெரிய தொட்டி. ஓரத்தில் பனிக்கட்டி மிதந்தது. உடை காய்ந்திருக்கும்போதே நாற்பது கிலோ. ரப்பருக்கு அடியில் இருக்கும் பஞ்சு தண்ணீர் குடித்தால் எழுபது. காட்சி முடிந்து இழுத்துப் போட்டதும் உதவி இயக்குநர் கேட்டார், “மகாபே, உசிரோட இருக்கியா?” நான் சொன்னேன், “பாதிதான் சார் இருக்கேன், மீதிய வெந்நீர்ல போட்டு எடுங்க.” எந்த ஊர் அரங்கில் இதைச் சொன்னாலும் கைதட்டல்தான்.

அந்த உடைக்குள் யார் போனாலும் நடை ஒன்றுதான். ரப்பர் நடக்கும், மனிதன் அதன் பின்னாலேயே போவான். மினோரியிடம் இதைச் சொல்.

பனியில் வழுக்கி விழாமல் நட. மாமியாருக்கு என் வணக்கம்.
கென்சாகு


சகாத்தா
டிசம்பர் 28

அன்புள்ள அண்ணாவுக்கு,

வருடக் கடைசிச் சுத்தம் செய்யும் வேலை இன்றுதான் முடிந்தது. அத்தை காகிதக் கதவுகளுக்குப் புதுத் தாள் ஒட்டினார். நான் ஜன்னல்களைத் துடைத்தேன். கைகள் வெடித்துப் போயிருக்கின்றன, மற்றபடி நலம். உங்கள் ஊரில் காய்ச்சல் பரவுவதாகச் செய்தியில் சொன்னார்கள். கூட்டத்தில் போகும்போது முகமூடி போட்டுக்கொள்ளுங்கள்.

தொட்டிக் கதையை அத்தைக்குப் படித்துக் காட்டினேன். சிரித்தார். நானும் சிரித்தேன்.

உங்களுக்குத் தெரிந்திருக்கும், என் வீட்டுக்காரருக்கு இடது காது கேட்காது. எழுபத்துமூன்று கோடையில் நீங்கள்தான் அவரை முதல் தடவை நம் வீட்டுக்கு அழைத்து வந்தீர்கள். அப்போதே அவர் எல்லோருக்கும் இடது ஓரமாகத்தான் உட்கார்ந்தார். முதலில் கூச்சம் என்று நினைத்தேன். பிறகு கேட்டபோது, “நீந்தப் போனப்போ தண்ணி புகுந்து சவ்வு கிழிஞ்சிடுச்சு” என்றார். எப்போது என்றேன். “எழுபத்தொண்ணு, பிப்ரவரி.” பிப்ரவரியில் யார் நீந்தப் போவார்கள் என்று கேலி செய்தேன். அவரும் சேர்ந்து சிரித்தார். அதற்குப் பிறகு அந்தப் பேச்சு எங்களுக்குள் வந்ததே இல்லை.

பின்னாலிருந்து கூப்பிட்டால் அவர் நின்று, வலது பக்கமாகத் திரும்பி, நல்ல காதைக் கொடுத்துவிட்டுத்தான் முகத்தைக் காட்டுவார். இருபத்தோரு வருடம் அந்தத் திரும்பலைப் பார்த்திருக்கிறேன்.

நான் எதையும் கேட்கவில்லை, அண்ணா. எழுதத் தோன்றியது, எழுதினேன். வருகிற வருடம் உங்களுக்கு நல்லதாக இருக்கட்டும்.

கஸுயோ


(அச்சடித்த அஞ்சலட்டை)
1999 புத்தாண்டு

புது ஆண்டு வாழ்த்துகள். கடந்த ஆண்டு காட்டிய அன்புக்கு நன்றி. இந்த ஆண்டும் தொடர வேண்டுகிறேன்.
மகாபே கென்சாகு

(ஓரத்தில், பேனாவால்) குளிர் அதிகம். கவனம்.


சகாத்தா
மார்ச் 15

அன்புள்ள அண்ணாவுக்கு,

கூரை விளிம்பில் பனி சொட்டத் தொடங்கிவிட்டது. நீங்கள் நலமாக இருப்பதாக நிஷிவாகியின் படத்தைப் பற்றிய செய்தித்தாள் துணுக்கிலிருந்து தெரிந்துகொண்டேன். புகைப்படத்தில் இளைத்துத் தெரிகிறீர்கள்.

இரண்டரை மாதமாகத் தபால்பெட்டியைப் பார்க்கிறேன். டிசம்பரில் எழுதிய கடிதத்தை நினைத்து, அனுப்பியிருக்கக் கூடாது என்று ஒருநாள் தோன்றும். மறுநாள் கோபம் வரும். இன்று காலை அரிசி களைந்துகொண்டிருக்கும்போது, கோபப்பட எனக்கு என்ன உரிமை என்று தோன்றியது. அதனால் இதை எழுதுகிறேன். நீங்கள் பதில் எழுத வேண்டாம், படித்தால் போதும்.

கல்யாணத்துக்கு முன்னால் இரண்டு வீட்டாரும் குடும்ப விவரத் தாள் மாற்றிக்கொள்வோமே. மாப்பிள்ளை வீட்டுத் தாளை அவர்தான் எழுத வேண்டும். அவருடைய கையெழுத்து கோணல் என்று சொல்லி நான் வாங்கிக்கொண்டேன். உண்மையில் அப்பாவுக்கு எது பிடிக்கும் என்று எனக்குத் தெரியும். பள்ளித் துணைத் தலைமையாசிரியர் வீட்டுக்கு ராட்சசனின் வயிற்றுக்குள் வேலை பார்க்கும் மாப்பிள்ளையா? ஏற்கெனவே நீங்கள் ஒருவர் போதாதா? ‘தொழில்: திரைப்பட நிறுவனம், அலுவலகப் பணி’ என்று எழுதினேன். சம்மதம் பேசியவர் திருமண விருந்தில் அதையே எழுந்து நின்று வாசித்தார். மாப்பிள்ளையைத் தன் அம்மாவுக்கும் அதையேதான் எழுதிப் போடச் சொன்னேன். அத்தைக்கு இன்றுவரை தன் மகன் ஐந்து வருடம் கணக்குப் புத்தகம் பார்த்ததாகத்தான் நினைப்பு.

என் வீட்டுக்காரர் தாளைப் படித்துவிட்டு, “உன் கையெழுத்து ரொம்ப நல்லாருக்கு” என்றார். அவ்வளவுதான். அடுத்த மாதம் குழுவை விட்டு விலகி, இங்கே நகராட்சிக் குடிநீர்த் துறையில் சேர்ந்தார்.

இறுதிச் சடங்கன்று அவருடைய சக ஊழியர் ஒருவர் பேச்சுவாக்கில் சொன்னார். மதியச் சாப்பாட்டு அறைத் தொலைக்காட்சியில் ஒருமுறை ‘நகிரா’ போட்டார்களாம். எல்லோரும் கேலி செய்துகொண்டே பார்த்திருக்கிறார்கள். “ஒகிதா மசனோரி மட்டும் முதுகைக் காட்டிக்கிட்டு உக்காந்து சோபா நூடுல்ஸ் சாப்பிட்டாரு. இவருக்கு ராட்சசப் படம்னாலே புடிக்காதுன்னு நெனச்சோம்” என்றார். நான் தலையை ஆட்டினேன். ஆமாம், பிடிக்காது என்று சொன்னேன். பெட்டிக்குள் அவர் படுத்திருந்தார், இரண்டடி தூரத்தில்.

வேறு ஒருவர் வந்து அவர் பெயரை எடுத்துக்கொள்வதற்கு முன்பே அதை அழித்துவைத்தவள் நான்தான், அண்ணா.

உடம்பைக் கவனியுங்கள்.
கஸுயோ


சோஃபு
மே 2

கஸுயோவுக்கு,

செர்ரி எல்லாம் உதிர்ந்து முடிந்துவிட்டது. உங்கள் பக்கம் இப்போதுதான் பூத்து அடங்கியிருக்கும். நீ என் உடம்பைப் பற்றி எழுதுகிறாய். நான் நன்றாகத்தான் இருக்கிறேன், நன்றாக இருப்பதுதான் கூச்சமாக இருக்கிறது.

அது மசனோரிதான். தொட்டியில் இறங்கிய நாள் முழுவதும் அவன்தான் உள்ளே இருந்தான். நான் இறங்கவில்லை. ஏன் என்பதை இந்தக் கடிதத்தில் எழுதத் தைரியம் இல்லை.

அந்தக் காலத்தில் உள்ளே இருப்பவர் பெயரைப் படத்தில் போட மாட்டார்கள், தெரியும்தானே. ஆள் மாறினால் மாறியதை எழுதிவைக்கும் வழக்கமும் இல்லை. எண்பத்தைந்தில் ரசிகர்கள் நடத்தும் ஒரு பத்திரிகை, பழைய படப்பிடிப்பு அட்டவணைகளைத் தேடிப் பிடித்து யார் யார் எந்த உடைக்குள் இருந்தார்கள் என்று பட்டியல் போட்டது. அட்டவணையில் நகிராவுக்கு நேராக என் பெயர்தான் இருந்தது. பத்திரிகை வந்த வாரம் மசனோரி தொலைபேசியில் அழைத்தான். திட்டப் போகிறான் என்று காத்திருந்தேன். “அண்ணே, நல்லா எழுதியிருக்காங்க. ஒழுங்கா சாப்பிடுறீங்களா?” என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டான். அதன் பிறகு பட்டியலைத் திருத்தச் சொல்ல வேண்டிய அவசியம் எனக்கு இல்லாமல் போயிற்று. அவன் இறந்ததும் அவன் சடங்குக்கு வர முகம் இல்லாமல் போயிற்று.

உன் மார்ச் கடிதத்தைச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தேன். ஏப்ரல் 24 அன்று இங்கே அறுபது இருக்கை அரங்கில் படம் முடிந்ததும், வழக்கம்போல நிஷிவாகியோடு மேடையேறி வணக்கம் சொன்னேன். எப்போதும்போல ஒருவர் எழுந்து, அந்தத் திரும்பலை எப்படி நடித்தீர்கள் என்று கேட்டார். “அது நான் இல்லைங்க. கூட இருந்த ஒகிதாங்கிறவர்தான் செஞ்சாரு. எனக்கு அதுல பங்கே கிடையாது” என்றேன்.

என்ன நடந்தது தெரியுமா? அரங்கம் முழுவதும் சிரித்துவிட்டுக் கைதட்டியது. இந்த நாட்டில் பாராட்டை வாங்கிக்கொள்கிறவன் “நான் ஒன்றும் செய்யவில்லை” என்றுதானே சொல்லவேண்டும்! நிஷிவாகி என் தோளைத் தட்டி ஒலிவாங்கியில் சொன்னாள், “மகாபே சார் எப்பவுமே இப்படித்தான். புகழெல்லாம் பக்கத்துல இருக்கறவருக்குக் குடுத்துடுவாரு.” மறுபடி சொன்னேன். மறுபடி தட்டினார்கள். அடுத்த வாரம் ஒரு பத்திரிகை ‘தன்னடக்கத்தின் முகம்’ என்று தலைப்புப் போட்டிருந்தது. பதினான்கு வருடம் பொய்யை வைத்து வாங்கிய பெயரை, உண்மையைச் சொல்லி இரட்டிப்பாக்கிக்கொண்டேன்.

பிறகு நிஷிவாகியைத் தனியாகப் பார்த்துச் சொன்னேன். “வேற யாராவது சொன்னா நம்புவேன் சார். நீங்க சொன்னா எப்படி நம்புறது?” என்றாள். சிரித்துக்கொண்டே.

ஜூன் 12 அன்று உங்கள் ஊர்த் திரைப்பட மன்றம் இரண்டு படங்களையும் நகர மண்டபத்தில் போடுகிறது. நான் வருகிறேன். அவனுடைய மனைவி எழுந்து சொன்னால் அது அடக்கம் ஆகாது. ஆனால் நீ எழுந்தால், நீ இருபத்துநான்கு வருடமாக மூடிவைத்ததும் வெளியே வரும். அங்கே உன் மாமியார் இருக்கிறார், குடிநீர்த் துறை ஆட்கள் இருக்கிறார்கள், உன் கல்லூரி இருக்கிறது. கேட்கவே எனக்கு வெட்கமாக இருக்கிறது.

முடியாது என்றால் ஓர் அஞ்சலட்டை போடு. காரணம் எழுத வேண்டாம்.

கென்சாகு


(அஞ்சலட்டை)
சகாத்தா, ஜூன் 5

மூன்று கடிதம் எழுதிக் கிழித்துவிட்டேன். எழுவேனா என்று இப்போதும் சொல்லத் தெரியவில்லை. அத்தையையும் அழைத்து வருகிறேன். மழைக்காலம் தொடங்கிவிட்டது. குடை கொண்டு வாருங்கள். – கஸுயோ


சகாத்தா
ஜூன் 27

அன்புள்ள அண்ணாவுக்கு,

மழை விடவே இல்லை. துணி எதுவும் காயவில்லை. நீங்கள் மண்டபத்திலிருந்து நேராக ரயிலடிக்குப் போய்விட்டீர்கள் என்று மன்றத்துக்காரர் சொன்னார். நனைந்து போயிருப்பீர்கள். சளி பிடிக்கவில்லையே?

மேடையிலிருந்து நீங்கள் பார்த்தது எவ்வளவு என்று எனக்குத் தெரியாது. என் பக்கத்திலிருந்து பார்த்ததை எழுதுகிறேன்.

நீங்கள் மறுபடி “அது ஒகிதா” என்று சொன்னதும் இங்கேயும் கைதட்ட ஆரம்பித்தார்கள். அந்தச் சத்தத்தில்தான் கையைத் தூக்கினேன். தட்டல் இருக்கும்போது தூக்கினால் யாரும் கவனிக்க மாட்டார்கள் என்று ஒரு மூலையில் நினைத்தேன் போலிருக்கிறது. ஆனால் ஒலிவாங்கி வந்துவிட்டது. மகாபேயின் தங்கை, குடிநீர்த் துறையில் இருந்த ஒகிதா மசனோரியின் மனைவி என்று சொன்னேன். கடைசியில் திரும்புவது என் வீட்டுக்காரர் என்றேன். மூன்றாம் வரிசையில் அவருடைய பழைய சக ஊழியர்கள் நான்கு பேர் திரும்பிப் பார்த்தார்கள்.

மன்றத்துக்காரர் பெருமையாகச் சிரித்தார். “அண்ணனுக்கு ஏத்த தங்கச்சி. குடும்பமே அடக்கமான குடும்பம் போல” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். உட்கார்ந்துவிடலாம் என்று இருந்தது. உட்கார்ந்திருந்தால் அதோடு முடிந்திருக்கும், நானும் சொல்லிவிட்டதாக இருந்திருக்கும்.

“அடக்கம் இல்லீங்க. எனக்கு வெக்கமா இருந்துச்சு. ராட்சச உடைக்குள்ள இருக்கறவரு மாப்பிள்ளைன்னு சொல்ல வெக்கமா இருந்துச்சு. கல்யாணத் தாள்ல ஆபீஸ் வேலைன்னு நான்தான் பொய்யா எழுதினேன். அவரு அம்மாகிட்டயும் மறைச்சேன். அவங்க இதோ பக்கத்துல உக்காந்திருக்காங்க, இப்பத்தான் கேக்கறாங்க” என்றேன்.

அப்போதுதான் அரங்கம் அமைதியானது. அடக்கத்துக்காக யாரும் இவ்வளவு தூரம் போக மாட்டார்கள் என்று புரிந்திருக்கும். நிஷிவாகி என்னைப் பார்க்கவில்லை, உங்களைப் பார்த்தாள். அந்தப் பெண்ணின் முகத்தை என்னால் மறக்க முடியவில்லை. நீங்கள் குனிந்த குனிவு நிமிரவே இல்லை. திரை மூடிய பிறகும் உங்கள் காலணி மட்டும் கீழே தெரிந்தது.

அவளுடைய அடுத்த படத்தில் நீங்கள் இருக்கிறீர்களா என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை.

வெளியே வந்ததும் அந்த நான்கு பேரும் குடையை மடக்கி நின்று அத்தைக்கு வணக்கம் சொன்னார்கள். எனக்கும் சொன்னார்கள், ஆனால் கொஞ்சம் தாமதித்து. நூலகத்தில் இப்போது நான் வந்தால் பேச்சு நிற்கிறது. தகும்.

மினோரிக்கு அன்றே தொலைபேசியில் சொன்னேன். கடைசிவரை கேட்டுக்கொண்டாள். பிறகு, “அன்னைக்கு தியேட்டர்லயே ஒனக்குத் தெரியும்ல?” என்று கேட்டாள். தெரியும் என்றேன். வைத்துவிட்டாள். இன்னும் அழைக்கவில்லை.

அத்தை வழி முழுக்க எனக்கு முன்னாலேயே நடந்தார். வீட்டுக்கு வந்து, காலுறையைக் கழற்றி, பூஜை மாடத்தில் மகன் படத்துக்கு முன்னால் உட்கார்ந்தார். நான் பின்னால் தரையில் நெற்றி படக் குனிந்தேன். வெளியே போகச் சொல்வார் என்று நினைத்தேன். படத்தையே பார்த்துக்கொண்டு கேட்டார்:

“எவ்வளவு நேரம் தண்ணிக்குள்ள இருந்தான்?”

எனக்குத் தெரியாது என்றேன். “யாருக்குத் தெரியும்?” என்றார். உங்களுக்குத் தெரியும் என்றேன்.

பதினைந்து நாளாகத் தினமும் காலையில், தபால் வந்ததா என்று மட்டும் கேட்கிறார். வேறு எதுவும் என்னோடு பேசுவதில்லை.

உங்கள் தங்கை
கஸுயோ


சோஃபு
ஜூலை 30

கஸுயோவுக்கு,

வெயில் கடுமையாக இருக்கிறது. உன் மாமியாரை உச்சிவெயிலில் தோட்டத்துக்கு விடாதே. நிஷிவாகி வேறு ஒருவரை வைத்துப் படத்தைத் தொடங்கிவிட்டாள். முறையாக வீட்டுக்கு வந்து சொல்லிவிட்டுத்தான் தொடங்கினாள். படச் சுருளோடு கொடுக்கும் கையேட்டில் ஒகிதா மசனோரி என்று திருத்தி அச்சடிக்கிறாள்.

இனி வருவது மசனோரியின் அம்மாவுக்கு.

அம்மா, உங்கள் மகன் ஒரு மணி இருபது நிமிடம் தண்ணீரில் இருந்தான்.

அதற்கு முந்தின வாரம் அதே தொட்டியில் நான் இறங்கியபோது முதுகுப் பக்க ஜிப் சிக்கிக்கொண்டது. உடைக்குள் தண்ணீர் மூக்குவரை ஏறிவிட்டது. என்னை வெளியே எடுத்துவிட்டார்கள், ஆனால் அன்று முதல் தொட்டியில் இறங்கப் பயந்தேன். படப்பிடிப்பு நாளன்று வயிற்றுவலி என்று பொய் சொன்னேன். மசனோரிக்கு அது பொய் என்று தெரியும். “அண்ணே, நான் போறேன். உள்ள யாருன்னு யாருக்குத் தெரியப்போவுது” என்றான். அவனுக்கு அப்போது இருபத்துநான்கு வயது.

நான்கு முறை எடுத்தார்கள். உடையைக் கழற்றி மாட்ட முக்கால் மணி ஆகும் என்பதால் இடையில் அவனை வெளியே எடுக்கவில்லை. இரண்டாம் முறை முடிந்ததும் உள்ளேயிருந்து காதைத் தட்டிக் காட்டினான். இயக்குநர் என்னிடம், உனக்குத்தான் அவனைத் தெரியும், தாங்குவானா என்று கேட்டார். அவன் வெளியே வந்தால் நான் உள்ளே போக வேண்டும். “தாங்குவான் சார்” என்றேன்.

உள்ளே இருப்பவனுக்கு எதுவும் தெரியாது. கரையிலிருந்து ஊதும் விசில்தான் அவனுக்குக் கண். அதை ஊத வேண்டியவன் நான். நேராகப் போய் மூழ்க வேண்டும், திரும்புவது கதையில் இல்லை. நான்காம் முறை விசில் ஊதினேன். அவன் நின்றான். இடது பக்கம் கேட்கவில்லை. கரையில் நான் இருக்கிறேனா என்று பார்க்கத் திரும்பினான். அதற்கு முன்னால் அவன் அப்படித் திரும்பி நான் பார்த்ததில்லை. ஊரிடம் விடைபெறுகிறது என்று எல்லோரும் சொல்லும் அந்தத் திரும்பல், அம்மா, என்னைத் தேடியது.

உடைக்குள்ளிருந்து அவனுக்கு என் முகம் தெரிந்திருக்காது. இருந்தாலும் அவன் தலை என் பக்கம் வந்ததும் நான் விளக்குத் தூணுக்குப் பின்னால் நகர்ந்துகொண்டேன்.

வெளியே எடுத்தபோது அவன் உதடு நீலமாக இருந்தது. வெந்நீர்த் தொட்டியில் உட்கார வைத்தார்கள். என்னைப் பார்த்து, “வயிறு எப்படி இருக்கு?” என்று கேட்டான்.

இவ்வளவுதான் நடந்தது. இதில் கூட்டியோ குறைத்தோ எதுவும் இல்லை.

கஸுயோ, ஆகஸ்ட் 13 அன்று இறந்தவர்களை வரவேற்க நீங்கள் வாசலில் தீ மூட்டும்போது நானும் வந்து நிற்கலாமா என்று அம்மாவிடம் கேள். அவர் சரி என்றால்தான் வருவேன். அதற்கு முன்னால் இதை அவருக்குப் படித்துக் காட்டு. நான் கரையில் நின்றதைச் சொல்லும் இடம் வரும்போது குரலைத் தாழ்த்தாதே. ஒரு வரியையும் விடாமல் படி.

கென்சாகு